தலையணைப் போருக்கு இசை

ழான் விகோ 1933இல் எடுத்த 'நடத்தைக்குச் சுழியம்' முக்கால் மணி நேரம்கூட ஓடாத படம். உறைவிடப் பள்ளிப் பையன்களின் கலகம்தான் கதை. ஓர் இரவு படுக்கைக்கூடத்தில் தலையணைச் சண்டை மூள்கிறது. கண்காணிப்பாளரை ஒருவரும் மதிப்பதாயில்லை. கட்டில்கள் கவிழ்கின்றன, தலையணைகள் கிழிகின்றன, கூடம் முழுக்க இறகுகள் பறக்கின்றன. கூச்சலும் கும்மாளமுமாகப் போய்க்கொண்டிருந்த காட்சி சட்டென்று வேகம் தணிந்து மெதுவசைவுக்கு மாறுகிறது. ஒரு பையன் குட்டிக்கரணம் போட்டு நாற்காலியில் வந்து இறங்குகிறான். மற்றவர்கள் இரவுச் சட்டைகளோடு, இறகு மழைக்கு நடுவே, தேவாலயத் திருவிழாவைக் கிண்டல் செய்வதுபோல ஊர்வலம் போகிறார்கள்.

அந்த ஊர்வலத்துக்கு மோரிஸ் ழோபேர் போட்ட இசையை முதன்முறை கேட்பவருக்கு அது என்ன வாத்தியம் என்றே பிடிபடாது. அவர் செய்தது இதுதான். வழக்கம்போல ஒரு மெட்டு எழுதினார். அதைக் கடைசி ஸ்வரத்திலிருந்து முதல் ஸ்வரம்வரை தலைகீழாகத் திருப்பி எழுதி, வாத்தியக்காரர்களை அப்படியே வாசிக்கவைத்துப் பதிவு செய்தார். பதிவான சுருளைப் பின்னிருந்து முன்னாக ஓட்டினார். இரண்டு தலைகீழும் சேர்ந்து மெட்டு நேராகிவிட்டது. ஆனால் ஒவ்வொரு ஸ்வரமும் தனக்குள்ளே திரும்பிக் கிடந்தது. சாதாரணமாக ஒரு ஸ்வரம் அடித்து எழும், பிறகு மெல்லத் தேயும். இங்கே அது எங்கிருந்தோ ஊறிவந்து, பெருகி, உச்சத்தில் அறுந்துபோகிறது. காந்த நாடா சினிமாவுக்கு வராத காலம் அது. ஒலி, ஃபிலிம் சுருளின் ஓரத்தில் ஒளிக்கோடாகப் பதிவாகிக்கொண்டிருந்தது. ராக் குழுக்கள் ஒலிநாடாவைத் திருப்பிப் போட்டு விளையாடத் தொடங்கியதற்கு முப்பது வருஷம் முந்தைய சங்கதி.

இதைத் தொழில்நுட்ப விளையாட்டு என்று ஒதுக்கிவிடலாம்தான். ஆனால் காட்சியோடு சேர்த்துக் கேட்டால் வேறு ஒன்று புலப்படும். பள்ளிக்கூடத்தின் ஒழுங்கைப் பையன்கள் என்ன செய்தார்களோ அதையே ழோபேர் ஒலியின் ஒழுங்கை வைத்துச் செய்திருக்கிறார். 'பார், குறும்புக்காரப் பயல்கள்' என்று பெரியவர்கள் கண்ணடித்துச் சிரிக்கும் இசை அதில் இல்லை. 'ஐயோ பாவம்' என்று உருகும் வயலினும் இல்லை. இசையமைப்பாளரும் பையன்களோடு கட்டிலில் ஏறி நிற்கிறார். பிரெஞ்சு அரசு படத்தைத் தடை செய்தது. இரண்டாம் உலகப்போர் முடிந்த பிறகுதான் பொதுமக்கள் அதைப் பார்க்க முடிந்தது. விகோவோ 1934லேயே, 29 வயதில், காசநோயில் போய்விட்டார்.

இது குழந்தைகள் படமா என்று கேட்பவர்கள் உண்டு. குழந்தைகளுக்காக எடுத்த படம் இல்லை என்பது உண்மை. ஆனால் பிரான்சில் குழந்தைகளுக்கும் குடும்பத்துக்குமான படங்களுக்கு இசையமைக்க உட்கார்ந்த ஒவ்வொருவருக்கும் முன்னால் அந்தப் படுக்கைக்கூடம் ஒரு கேள்வியாக நிற்கிறது என்று நினைக்கிறேன். இசை யார் பக்கம்? சட்டைப் பொத்தானைச் சரிபார்க்கும் பெரியவர்கள் பக்கமா, இறகு பறக்கவிடும் பிள்ளைகள் பக்கமா?

ழோபேருக்கு இதில் தெளிவான கருத்து இருந்தது. படத்தில் நடப்பதையெல்லாம் இசை நகலெடுக்கும் ஹாலிவுட் வழக்கத்தை அவர் வெளிப்படையாகவே சாடினார். ஜான் ஃபோர்டின் 'தி இன்ஃபார்மர்' படத்துக்கு மேக்ஸ் ஸ்டைனர் போட்ட இசையில் காசு விழுவதும், தொண்டையில் பீர் இறங்குவதும்கூட வாத்தியத்தில் கேட்கிறது என்பது அவருடைய புகார். பெரியவர்கள் படத்திலேயே இந்தக் கதி என்றால் குழந்தைகள் படத்தைச் சொல்லவே வேண்டாம். கரடி வழுக்கி விழுந்தால் பாஸூன் வழுக்க வேண்டும். எலி பூனைநடை போட்டால் வயலின் கம்பியைக் கிள்ள வேண்டும். காட்சி இரண்டு நொடி சும்மா இருந்தால் குழந்தையின் கவனம் ஓடிவிடும் என்று தயாரிப்பாளருக்குப் பயம். குழந்தையோ அந்த இரண்டு நொடியில்தான் எதையாவது உண்மையாகப் பார்த்துக்கொண்டிருக்கும்.

ழோபேர் 1940 ஜூனில், போர்முனையில், நாற்பது வயதில் செத்துப்போனார். அவர் கதை அங்கே முடியவில்லை. ஃபிரான்சுவா த்ரூஃபோ 1970களின் பிற்பாதியில் வரிசையாக நான்கு படங்களுக்குப் புதிதாக யாரையும் இசையமைக்கச் சொல்லாமல், ழோபேர் விட்டுச்சென்ற இசையையே எடுத்துப் பயன்படுத்தினார். அவற்றில் ஒன்று 1976இல் வந்த 'கைச்செலவுக் காசு'. தியேர் என்ற சிறு நகரத்துப் பள்ளிப்பிள்ளைகளைப் பற்றிய படம். செத்து 36 வருஷமான ஒருவரின் இசை, எழுபதுகளின் பெல்பாட்டம் போட்ட பிள்ளைகளுக்குக் கச்சிதமாகப் பொருந்தியது. பிள்ளைகளோடு பொருந்தும் இசைக்கு நாள் கடந்த வாடை அடிப்பதில்லை போலும்.

ஆல்பேர் லமோரீஸின் 'சிவப்பு பலூன்' பற்றி அதிகம் சொல்லப்போவதில்லை; எல்லோரும் பார்த்த படம். 1956இல் கான் விழாவில் குறும்படத்துக்கான தங்கப்பனை, அடுத்த ஆண்டு சிறந்த திரைக்கதைக்கான ஆஸ்கர். வசனமே கிட்டத்தட்ட இல்லாத படத்துக்குத் திரைக்கதை விருது கிடைத்தது வேடிக்கைதான். பேச்சில்லாத இடத்தை மோரிஸ் லெ ரூவின் இசை நிரப்புகிறது. அவர் பலூனுக்கு ஒரு குரங்குச்சேட்டை இசை போட்டிருக்கலாம். போடவில்லை. பாரிஸின் மெனில்மோந்தான் தெருக்களின் சாம்பல் நிறத்தோடு சேர்ந்து நடக்கும் இசை அது. பலூனுக்கு உயிர் இருக்கிறது என்பதை நாம் நம்புவதற்கு அந்த அடக்கமும் ஒரு காரணம்.

'கழுதைத் தோல்' படத்தில் கொஞ்சம் நின்று போக வேண்டும். ழாக் தெமி 1970இல் எடுத்தது. ஷார்ல் பெரோ 1694இல் எழுதிய கதை. சாகும் தறுவாயில் ராணி, தன்னைவிட அழகான பெண்ணைத்தான் மறுமணம் செய்ய வேண்டும் என்று ராஜாவிடம் சத்தியம் வாங்குகிறாள். நாடெல்லாம் தேடினால் அப்படி ஒருத்திதான் இருக்கிறாள்: சொந்த மகள். குடும்பத்தோடு உட்கார்ந்து பார்க்கும் படத்தில் இப்படியொரு கதை! தெமியும் இசையமைப்பாளர் மிஷேல் லெக்ரானும் இதை மழுப்பவே இல்லை. இளவரசியின் காவல் தேவதை வந்து, பிள்ளைகள் பெற்றோரைக் கல்யாணம் செய்துகொள்வதில்லை என்று பாட்டாகவே பாடிப் புத்தி சொல்கிறாள். அந்தப் பாட்டின் மெட்டு லேசானது, குறும்பானது. பயமுறுத்தும் இசை இருந்திருந்தால் குழந்தை தாயின் முந்தானைக்குள் ஒளிந்திருக்கும். லேசான மெட்டு என்பதால் சொன்ன விஷயம் காதில் விழுகிறது. பயப்படாமல் யோசிக்கவும் முடிகிறது. இதைக் கனமான விஷயத்தை இனிப்பில் பொதிந்து கொடுப்பதாகச் சொல்வது தவறு. விஷயத்தைக் குழந்தை தன் கையிலேயே எடுத்துப் பார்க்கும் அளவுக்குக் கனத்தை இறக்கி வைத்திருக்கிறார் லெக்ரான்.

அவர் இசையாசிரியை நதியா புலான்ஜேயிடம் படித்தவர். பாக் பாணி ஃப்யூகும் தெரியும், ஜாஸும் தெரியும், வானொலிப் பாட்டும் தெரியும். இந்தப் படத்தில் மூன்றையும் ஒரே பாத்திரத்தில் போட்டுக் கலக்கினார். கலக்கியது ஒன்றும் தற்செயல் இல்லை. கதையே அப்படி, கோட்டை கொத்தளக் காலத்துக் கதையின் முடிவில் ராஜாவும் தேவதையும் ஹெலிகாப்டரில் வந்து இறங்குகிறார்கள். படத்தின் உச்சம் இளவரசி கேக் செய்யும் காட்சி. கழுதைத் தோல் போர்த்திய இளவரசியும் சூரிய நிற உடை அணிந்த அதே இளவரசியும் அருகருகே இருக்கிறார்கள். ஒருத்தி புத்தகத்தைப் பார்த்துச் செய்முறையைப் பாட, மற்றவள் மாவு பிசைகிறாள். இரண்டும் கேத்தரீன் தெனேவ். பாடும் குரல் ஆன் ஜெர்மேன் என்ற பாடகியுடையது. மாவு, முட்டை, பால் என்று வரிசையாகப் போகும் சமையல் குறிப்புக்குத்தான் மெட்டு. நடுவில் ஒரு முட்டையை உடைத்தால் கோழிக்குஞ்சு வருகிறது. மாவுக்குள் மோதிரம் விழுகிறது. பிரான்சில் இரண்டு மூன்று தலைமுறை அந்தக் கேக்கை அந்தப் பாட்டைப் பாடிக்கொண்டே வீட்டில் செய்து பார்த்திருக்கிறது. குழந்தைகள் படத்தின் பாட்டு திரையைவிட்டு இறங்கிச் சமையலறைக்குள் போய்விட்டது. இதைவிடப் பெரிய விருது ஒரு இசையமைப்பாளருக்கு இல்லை.

இன்னொரு வகைச் சோதனை போல் கிரிமோவின் 'அரசனும் பறவையும்' படத்துக்கு வந்தது. ஹான்ஸ் ஆண்டர்சன் கதையொன்றை வைத்துக் கிரிமோவும் கவிஞர் ழாக் பிரெவேரும் போருக்குப் பிந்தைய ஆண்டுகளில் ஆரம்பித்த கார்ட்டூன் படம். பாதியில் தயாரிப்பாளர் அதைக் கைப்பற்றி, இவர்கள் சம்மதமில்லாமல் முடித்து 1953இல் வெளியிட்டுவிட்டார். கிரிமோ 1967இல் உரிமையை மீட்டார். பிரெவேரோடு சேர்ந்து கதையைத் திரும்ப எழுதினார். 1980இல் தன் படமாக வெளியிட்டார். அதற்குள் பிரெவேர் இறந்து மூன்றாண்டு ஆகிவிட்டது. முதல் வடிவத்துக்கு இசையமைத்த ஜோசஃப் கோஸ்மா 1969இலேயே இல்லை. புதிய இசைக்குக் கிரிமோ போலந்துக்காரரான வோய்சியேக் கிலாரைக் கூப்பிட்டார். பிரெவேரின் பாட்டுகளுக்குக் கோஸ்மா போட்ட மெட்டுகள் அப்படியே இருக்க, மற்றதெல்லாம் கிலார்.

முப்பதாண்டு இடைவெளியில் இரண்டு பேர் எழுதிய இசை ஒட்டுமா என்று யாருக்கும் சந்தேகம் வரும். ஒட்டுகிறது, ஏனென்றால் இருவரும் வேலையைப் பிரித்துக்கொண்டதுபோல ஆகிவிட்டது. கோஸ்மாவின் மெட்டுகள் பாரிஸ் தெருவுடையவை, கையால் சுற்றும் ஆர்கன் பெட்டியுடையவை. கிலாரின் தனிப் பியானோவோ, சூரியனையே காணாத கீழ்நகரத்துக்கும் வானத்தைத் தொடும் அரண்மனைக்கும் நடுவே தொங்கும் தனிமை. கொடுங்கோல் அரசனைக் காட்டும்போதுகூடக் கிலார் அவனைக் கோமாளியாக்கிச் சிரிக்கவைக்கவில்லை. கொடுங்கோலனைத் தனியாகவும் இருக்கவிட்டார். ஏழு வயதுப் பிள்ளைக்கு இது புரியுமா? கெட்டவன் தனியாக இருப்பான் என்பது ஏழு வயதுப் பிள்ளைக்குத் தெரிந்த அளவுக்கு நமக்குத் தெரியாது. கிலார் பிறகு கொப்போலாவின் 'டிராகுலா'வுக்கும், போலன்ஸ்கியின் 'தி பியானிஸ்ட்'டுக்கும் இசையமைத்துப் பெயர் வாங்கினார். அவற்றையெல்லாம்விட இந்தக் கார்ட்டூனுக்குப் போட்ட பியானோதான் அவருடைய சிறந்த வேலை என்பது என் கட்சி.

இப்படிப்பட்ட இசை பிரான்சில் மட்டும் எப்படி நிலைத்தது? மேதைகள் பிறந்தார்கள் என்று சொல்லிக் கையைக் கழுவ முடியாது. 1957 மார்ச் 11ஆம் தேதிச் சட்டம் ஒன்று வந்தது. ஒரு படத்தின் கூட்டு ஆசிரியர்கள் யார் யார் என்று அது வரிசைப்படுத்தியது: திரைக்கதை எழுதியவர், தழுவியவர், வசனகர்த்தா, இயக்குநர், அந்தப் படத்துக்கென்றே இசை எழுதியவர். அதாவது சட்டத்தின் கண்ணில் இசையமைப்பாளர் கூலிக்கு வாசித்துவிட்டுப் போகிறவர் இல்லை. படத்தின் ஆசிரியர்களில் ஒருவர். இசைக்கான உரிமைத்தொகையை வசூலித்துக் கொடுக்கும் சாசெம் என்ற சங்கம் 1851 முதல் இயங்குகிறது. ஒரு கார்ட்டூன் படம் வருஷா வருஷம் திரும்பத் திரும்பக் காட்டப்பட்டால் அதன் இசையமைப்பாளருக்கும் வருஷா வருஷம் காசு வரும்.

காட்டப்படவும் செய்கிறது. 'பள்ளியும் சினிமாவும்' என்ற திட்டம் 1994இல் தொடங்கியது. ஆரம்பப் பள்ளிப் பிள்ளைகளை ஆசிரியர்கள் பள்ளி நேரத்திலேயே நிஜமான திரையரங்குக்கு ஆண்டுக்கு மூன்று முறையாவது அழைத்துப்போகிறார்கள். காட்டப்படும் பட்டியலில் 'சிவப்பு பலூன்', 'கழுதைத் தோல்', 'அரசனும் பறவையும்' எல்லாம் உண்டு. இதன் விளைவு என்னவென்று யோசித்துப் பார்க்க வேண்டும். குழந்தைகள் படத்துக்கு இசையமைக்கும் ஒருவர் இந்தக் கோடை விடுமுறைக்கு மட்டும் எழுதவில்லை. இன்னும் பிறக்காத பிள்ளைகளுக்கும் எழுதுகிறார். வெள்ளிக்கிழமை வசூலைப் பார்த்து எழுதும் இசைக்கும் இதற்கும் வித்தியாசம் காதிலேயே கேட்கும்.

இனி 2004க்கு வருவோம். கிறிஸ்தோஃப் பராத்தியேயின் 'லே கொரிஸ்த்', அதாவது கோரஸ் பாடும் பிள்ளைகள். 1945இல் வந்த 'இராப்பாடிகளின் கூண்டு' என்ற படத்தின் மறுவாக்கம். 1949இல் ஒரு சீர்திருத்தப் பள்ளி, கொடுமைக்காரத் தலைமையாசிரியர், புதிதாக வந்த கண்காணிப்பாளர் மத்தியூ முரட்டுப் பிள்ளைகளைச் சேர்த்துப் பாட்டுக்குழு அமைக்கிறார், பாட்டு பிள்ளைகளை மாற்றுகிறது. பிரான்சில் மட்டும் 80 லட்சம் பேருக்கு மேல் திரையரங்கில் பார்த்தார்கள். இசை புரூனோ கூலே. முக்கியமான பாட்டு ஆஸ்கருக்குப் பரிந்துரையாகி, 2005 விழாவில் பியான்சே அதைப் பிரெஞ்சிலேயே பாடினார்.

மறுபடியும் ஓர் உறைவிடப் பள்ளி. மறுபடியும் படுக்கைக்கூடம். ஆனால் இந்தமுறை இசை இருப்பது பெரியவரின் கையில். எனக்கு இந்தப் படத்தோடு உள்ள தகராறு இதுதான். கூலேயின் மெட்டுகளில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஒரு பள்ளிக்கூடக் குழு பாடக்கூடிய எளிமை, தனிக்குரல் மேலெழும் இடத்தில் மயிர்க்கூச்செறியும் அழகு, இரண்டும் சேர்வது அபூர்வம். பாட்டுக்குழு வைத்திருப்பவர்களைக் கேட்டால் அதன் அருமையைச் சொல்வார்கள். சிக்கல் வேறு இடத்தில். திரையில் சில மாதங்களுக்கு முன்வரை கெட்ட வார்த்தை பாடிக்கொண்டிருந்த பையன்கள். காதில் கேட்பதோ லியோனின் செயின்ட் மார்க் சிறுவர் பாட்டுக்குழு, பல ஆண்டு பயிற்சி பெற்ற குரல்கள். தனிக்குரல் பாடிய ழான்-பத்தீஸ்த் மோனியே அந்தக் குழுவிலிருந்தே வந்தவன், அவன் முகமும் குரலும் ஒன்று. மற்ற முகங்கள் வேறு, குரல்கள் வேறு. ஆக, கரகரப்பு இருக்க வேண்டிய இடத்தில் பளபளப்பு. பிள்ளைகள் மாறிவிட்டார்கள் என்று இசை நமக்கு அடித்துச் சொல்கிறது. மாறும்போது அவர்கள் எப்படி ஒலித்தார்கள் என்பதைக் கேட்க விடுவதில்லை.

பாட வராத பிள்ளைகளைப் படம் என்ன செய்கிறது என்று கவனியுங்கள். அபஸ்வரம் பாடுகிறவனை மத்தியூ இசைத்தாள் தாங்கும் ஸ்டாண்டாக நிறுத்துகிறார். அரங்கம் சிரிக்கிறது, எனக்குச் சிரிப்பு வரவில்லை. மோந்தேன் என்று ஒரு முரடன் வருகிறான். குழுவில் கட்டைக் குரல் அவனுக்கு மட்டும்தான். செய்யாத திருட்டுக்குப் பழி சுமந்து அவன் வெளியே போகிறான். பிறகு பள்ளிக்கே தீ வைக்கிறான். விகோவின் கேமராவாக இருந்தால் அவன் பின்னால்தான் போயிருக்கும். இங்கே கட்டைக் குரல் போனதோடு சரி. பாட்டு மேல்ஸ்தாயியிலேயே தொடர்கிறது.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். சிறுவன் குரலுக்கு இசையமைப்பவர் கடிகாரத்தோடு பந்தயம் ஓடுகிறார். நம் பாய்ஸ் கம்பெனி நாடகக்காரர்கள் பயந்து நடுங்கிய மகரக்கட்டு அங்கேயும் அப்படியே வரும். பன்னிரண்டு வயதில் வானத்தைத் தொட்ட குரல் அடுத்த ஆண்டு இருக்குமா என்று யாருக்கும் தெரியாது. திரையில் பிள்ளைகள் பாடும் படத்துக்குப் பாட்டு முன்கூட்டியே தயாராக வேண்டும், படப்பிடிப்புக்குள் குரல் உடையக் கூடாது, முகம் முதிரக் கூடாது. கூலேயின் இசையில் இருக்கும் அந்த அவசரமான தூய்மைக்கு இதுவும் காரணமாக இருக்கலாம். என் தகராறுகளையெல்லாம் மீறி, சிறைவைக்கப்பட்ட பிள்ளைகள் சன்னல் வழியாகக் காகித விமானங்களை எறிந்துகொண்டே பாடி மத்தியூவை வழியனுப்பும் இடத்தில் நானும் தோற்றுப்போகிறேன் என்பதைச் சொல்லிவிடுகிறேன். முகம் காட்டாமல் கைகள் மட்டும் அசைகின்றன. யார் குரல் என்ற கேள்வியே அங்கே எழுவதில்லை.

கூலேயை அவருடைய புகழ்பெற்ற பாட்டை வைத்து மட்டும் எடைபோடுவது அநியாயம். 1996இல் வந்த 'மைக்ரோகாஸ்மோஸ்' பாருங்கள். புல்வெளிப் பூச்சிகளைப் பற்றிய ஆவணப்படம், குடும்பம் குடும்பமாகப் போய்ப் பார்த்தார்கள். வர்ணனை அநேகமாக இல்லை. இரண்டு நத்தைகள் பாசிமேல் கூடும் காட்சிக்கு அவர் ஆப்பராப் பாடகி பாடுவதுபோன்ற ஒரு பெண்குரலை வைத்தார். கேலியாகப் போயிருக்க வேண்டிய யோசனை. ஆனால் கூலே நத்தைகளை நம்பினார். அந்தக் குரல் ஒரு நொடிகூட நம்மைப் பார்த்துச் சிரிப்பதில்லை. பக்கத்தில் உட்கார்ந்த பெற்றோர் நெளியலாம், பிள்ளைகள் வாயைப் பிளந்து பார்ப்பார்கள். படத்துக்குச் சிறந்த இசைக்கான பிரான்சின் செசார் விருது கிடைத்தது. பிறகு அமெரிக்காவிலிருந்து 'கோரலைன்' வந்தபோது எந்த மொழியிலும் இல்லாத அர்த்தமற்ற சொற்களைக் குழந்தைகள் பாடும்படி எழுதினார். குழந்தைகளுக்கு அர்த்தமில்லாத சொல் என்று ஒன்று கிடையாது என்பதை அறிந்தவர் செய்யும் வேலை.

'கிரிக்கூவும் சூனியக்காரியும்' 1998இல் வந்தது. இயக்குநர் மிஷேல் ஓசெலோ சிறுவயதில் கினியாவில் வளர்ந்தவர். மேற்கு ஆப்பிரிக்கக் கதைக்கு இசையமைக்கச் செனகலின் யூசு ந்தூரைக் கேட்டார். அப்போது ந்தூர் உலகப் புகழ் பெற்றிருந்தார். மின்கிட்டாரும் சிந்தசைசரும் சபார் மேளமும் கலந்த ம்பலாக்ஸ் இசையின் முடிசூடா மன்னர். ஓசெலோ ஒரே ஒரு நிபந்தனை போட்டார்: மரபு வாத்தியங்கள் மட்டும். கோரா, பலஃபோன், சபார் போன்றவற்றைத் தவிர எதுவும் கூடாது. ஒரு வெள்ளைக்கார இயக்குநர் ஆப்பிரிக்கக் கலைஞரிடம் 'பழையபடி வாசி' என்று சொல்வதில் உறுத்தல் இல்லாமல் இல்லை. ஆனால் விளைவைக் கேட்டால் வாதம் தளர்ந்துபோகிறது. படத்தில் வறண்ட மண், வறண்ட ஊற்று, முழங்கால் உயரத்தில் ஓடும் ஒரு குழந்தை. இசையிலும் அந்த வறட்சி, அந்த வேகம். ஒவ்வொரு வெற்றிக்குப் பிறகும் ஊர் கூடிக் கிரிக்கூவைப் பாடிக் கொண்டாடுகிறது. அந்தக் குட்டிப் பாட்டைப் பிரான்சின் மழலையர் பள்ளிகள் உடனே பிடித்துக்கொண்டன. குரல்களை டாக்காரில் செனகல் பிள்ளைகளை வைத்துப் பதிவு செய்தார்கள். பாரிஸ் உச்சரிப்பில் பேசும் கிரிக்கூவை நினைத்துப் பார்க்கவே முடியவில்லை.

'பெல்வில் மூவர்' பற்றி ஒரு வார்த்தை. வயதான மூன்று பாடகிகள் குளிர்சாதனப் பெட்டியின் கம்பித்தட்டையும், செய்தித்தாளையும், வேக்குவம் கிளீனரையும் வாத்தியமாக்கிக் கச்சேரி செய்கிறார்கள். இசை கியூபெக்காரர் பெனுவா ஷாரே எழுதியது. குழந்தைகளைவிடப் பாட்டிகளுக்கு அதிகம் பிடிக்கும் படம்.

கடைசியாக ஒரு கரடியும் ஓர் எலியும். 'எர்னஸ்ட்டும் செலஸ்தீனும்' 2012இல் வந்தது, தொடர்ச்சி 2022இல். இரண்டுக்கும் இசை வென்சான் குர்த்துவா. அவர் செல்லோக் கலைஞர், மனோதர்மத்தில் வளர்ந்த ஜாஸ்காரர். முதல் படத்தில் கரடி வாசிக்க, எலி ஓவியம் தீட்ட, கோடுகளும் நிறங்களும் உருவமில்லாமல் ஓடும் ஒரு பகுதி வரும். சித்திரம் இசையை நகலெடுக்கிறதா, இசை சித்திரத்தை நகலெடுக்கிறதா என்று பிரிக்க முடியாதபடி இரண்டும் ஒன்றையொன்று துரத்துகின்றன. ழோபேர் வெறுத்த நகலெடுப்பு, இப்படி விளையாட்டாக மாறும்போது குற்றமாகத் தெரியவில்லை.

இரண்டாம் படத்தின் கதை இன்னும் விசேஷம். கரடியின் சொந்த நாடு ஷராபி. அங்கே இசைக்குத் தடை. ஒரே ஒரு ஸ்வரத்துக்கு மட்டும் அனுமதி. பிள்ளை அப்பன் தொழிலைத்தான் செய்ய வேண்டும் என்ற சட்டத்தோடு சேர்ந்து வந்தது இந்தத் தடை. நீதிபதியான அப்பா எழுதியது. தப்பியோடிய மகன் எர்னஸ்ட். முகமூடி போட்ட ஒரு சாக்சபோன்காரர் தலைமறைவாக இசையைக் காப்பாற்றுகிறார். இசையமைப்பாளரின் நிலையை நினைத்துப் பாருங்கள். ஒரு நாடு முழுக்க ஒற்றை ஸ்வரத்தில் ஒலிக்க வேண்டும், ஆனால் பார்க்கும் குழந்தைக்கு அலுக்கக் கூடாது. தடை உடையும்போது இரண்டாவது ஸ்வரம் ஒரு புரட்சியாகக் கேட்க வேண்டும். குர்த்துவா இதை அட்டகாசமாகச் செய்திருக்கிறார். 'லே கொரிஸ்த்' போட்ட கணக்குக்குச் சரியான மறுகணக்கு இது. அங்கே பெரியவர் இசை கொடுத்துப் பிள்ளைகளை ஒழுங்குக்குக் கொண்டுவருகிறார். இங்கே ஒழுங்கின் பெயரால் இசையைப் பறித்த பெரியவரிடமிருந்து பிள்ளை அதைத் திரும்பப் பிடுங்குகிறது. எனக்கு எது பிடிக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

நம் ஊர்த் திரைப்படச் சங்கங்களுக்கும் பள்ளி ஆசிரியர்களுக்கும் ஒரு வேண்டுகோள். மாதத்தில் ஒரு ஞாயிறு காலையைப் பிள்ளைகளுக்கு ஒதுக்குங்கள். 'சிவப்பு பலூனி'ல் தொடங்கலாம். 35 நிமிடத்துக்குள் முடிந்துவிடும், சப்டைட்டில் அநேகமாகத் தேவைப்படாது. அடுத்து 'கிரிக்கூ', பிறகு 'அரசனும் பறவையும்'. நடுவில் எழுந்து விளக்கம் சொல்லாதீர்கள். ஒலிபெருக்கிக்கு மட்டும் கொஞ்சம் காசு செலவழியுங்கள்; லாப்டாப் ஸ்பீக்கரில் கிலாரைப் போடுவதற்குப் போடாமலே இருக்கலாம்.